சுராங்கனிக்கு இன்றைக்கு என்ன மீன்?

நடுவர் அவர்களே, எதிரணித் தலைவராக வீற்றிருக்கும் பாடசாலை அதிபர் ஐயா அவர்களே, அவருக்கு இருபுறமும் காவலிருக்கும் நண்பர்களே, கடற்காற்றில் கச்சான் கொறித்தபடி எங்களுக்கு முன்பே தீர்ப்பை எழுதி முடித்துவிட்ட திருகோணமலைச் சபையோரே, அனைவருக்கும் வணக்கம்.

"ஒரு பகிடிப் பாட்டை வாழவைப்பவர் முதலில் பாடியவரா, பின்னால் பாடியவர்களா?" என்பது இன்றைய வழக்கு. சாட்சிக் கூண்டில் நிற்பவள் சுராங்கனி. நமது பொப்பிசைப் பாடகர் ஏ. ஈ. மனோகரன் பாடிப் பரப்பி, சிங்களமும் தமிழும் ஒரே பந்தியில் இருந்து சாப்பிட்ட, சுராங்கனிக்கு மீன் கொண்டுவந்ததைச் சொல்லி ஆடவைக்கும் அந்தப் பைலாப் பாட்டின் நாயகி. நான் பின்னால் பாடியவர்களுக்காகப் பேச வந்திருக்கிறேன்.

அதிபர் ஐயா எனக்கு எட்டாம் வகுப்பில் தமிழ் கற்பித்தவர். நான் எழுதிய கட்டுரை ஒன்றுக்கு நூற்றுக்கு 46 புள்ளி போட்டு, ஓரத்தில் சிவப்பு மையால் "பிறர் சொன்னது அதிகம்" என்று எழுதித் தந்தார். ஆகவே மறுபாடல்கள் மீது அவருக்கு இருக்கும் கோபம் இன்று நேற்று வந்ததல்ல. நாற்பது ஆண்டுப் பகை.

சற்று முன் அவர் என்ன சொன்னார்? பெற்றவள் ஒருத்திதான், தூக்கி வைத்துக் கொஞ்சுகிறவர்கள் எல்லோரும் தாயாகிவிட முடியாது என்றார். நல்ல உவமை. அத்தோடு நிறுத்தியிருக்கலாம். மனோகரன் பாடியதுபோல் வேறு யாராலும் பாட முடியாது என்று நிறுவுவதற்காக, இதே ஒலிவாங்கியைப் பிடித்துப் பல்லவியைப் பாடியும் காட்டினார். சுருதி கொட்டியாரக் குடாவில் நின்றது, தாளம் நிலாவெளியில் நின்றது. இரண்டையும் சேர்த்துவைக்க ஆர்மோனியக்காரர் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும், நான் அவர் பக்கத்தில் இருந்தேன். ஆனாலும் நீங்கள் கைதட்டினீர்கள். பின்வரிசையில் ஒருவர் விசிலும் அடித்தார்.

நடுவர் அவர்களே, இதைக் குறித்துக்கொள்ளுங்கள். அந்தக் கைதட்டல் யாருக்கு? மனோகரன் 2018 ஜனவரியில் சென்னையில் காலமாகிவிட்டார். இன்று மாலை இந்தக் கடற்கரையில் சுராங்கனியை எழுப்பி நடக்கவைத்தவர் அதிபர் ஐயாதான். மறுபாடல் கூடாது என்று வாதாட வந்தவர், மறுபாடல் ஒன்றை அரங்கேற்றிவிட்டுப் போய் அமர்ந்திருக்கிறார். இன்னொன்றையும் கவனித்தீர்களா? "மாலு" என்று வரவேண்டிய இடத்தில் அவர் "பாரை" என்று பாடினார். மாலு என்றால் சிங்களத்தில் மீன். எந்த மீன் என்று பாட்டு சொல்லவில்லை. ஐயா வீட்டில் ஞாயிற்றுக்கிழமைகளில் பாரைக் குழம்புதான் என்பது தெருவுக்கே தெரியும். நாக்கு தன் விருப்பத்தைச் சொல்லிவிட்டது.

என் வாதம் முழுவதும் அந்தப் பாரை மீனில் இருக்கிறது. அதைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல அனுமதியுங்கள்.

எனக்கு ஒன்பது பத்து வயது இருக்கும். எங்கள் ஒழுங்கைக்குக் காலையில் கிண்ணியாவிலிருந்து, நானா என்று நாங்கள் அழைத்த ஒரு முஸ்லிம் வியாபாரி மீன் கொண்டுவருவார். கிண்ணியாப் பாலம் 2009இல்தான் வந்தது. அன்று துறையைப் பாதை என்னும் மிதவைப் படகில் ஏறிக் கடந்து, மிச்ச வழியை சைக்கிளில் மிதித்து வர வேண்டும். பின்னால் தகரம் அடித்த மரப்பெட்டி, பெட்டியின் மேல் ஈரச்சாக்கு, சாக்கின் மேல் ஒரு தராசு. கைப்பிடியில் ரப்பர் குமிழ் வைத்த ஊதுகுழல். அதை இரண்டு முறை அமுக்குவார். பிறகு பாட்டு. சுராங்கனியின் மெட்டு அப்படியே இருக்கும். மீன் மட்டும் அன்றன்றைக்கு மாறும். சூரை பட்ட நாளில் சூரை, சாளை பட்ட நாளில் சாளை. கும்பிளா வந்தால் எழுத்து கூடுதலாக இருக்கும், அதைத் தாளத்துக்குள் திணிக்க மூச்சைப் பிடித்து ஓர் உருட்டு உருட்டுவார். அந்த உருட்டுக்காகவே நாங்கள் பிள்ளைகள் கும்பிளாவுக்காகக் காத்திருந்தோம். சாப்பிடுவதற்கு அல்ல.

கதை இத்தோடு முடியவில்லை. என் அம்மா படலையைத் திறந்துகொண்டு வருவார். ஒரு மீனைத் தூக்கி, செவுளை விரலால் நீக்கி, உள்ளே பார்ப்பார். சிவப்பாக இருந்தால் பேச்சில்லை, விலை மட்டும்தான். கொஞ்சம் மங்கியிருந்தால் அம்மா அதே மெட்டில் பதில் பாடுவார். நேற்றுத் தந்த மீனைப் பூனையும் மோந்து பார்த்துவிட்டுப் போய்விட்டது என்பதுதான் அதன் பொருள். நானாவும் விடமாட்டார். உங்கள் பூனைக்கு வாய்க்கொழுப்பு என்று அடுத்த அடியை எடுப்பார். பக்கத்து வேலிக்குள்ளிருந்து ஒரு மாமி சேர்ந்துகொள்வார். அரைக் கிலோ மீன் வாங்கி முடிவதற்குள் நான்கு சரணம் கட்டப்பட்டிருக்கும். அவற்றில் ஒன்றுகூட எந்த இசைத்தட்டிலும் இல்லை, எந்த வானொலி நிலையத்தின் அலமாரியிலும் இல்லை.

அந்த நானாவிடம் வானொலிப்பெட்டி இருந்ததா என்பதுகூட எனக்குத் தெரியாது. பாட்டு அவரிடம் இருந்தது.

கோயில் மண்டபத்தில் ஒரு கீர்த்தனையைப் பாடும்போது சொல்லை மாற்ற மாட்டோம். மாற்றினால் பக்கத்தில் இருப்பவர் தொடையில் தட்டித் திருத்துவார். தேவாரத்தில் கைவைக்க இந்த ஊரில் யாருக்குத் துணிவு வரும், கோணேசர் மலைமேல் இருந்து பார்த்துக்கொண்டிருக்கிறார். பகிடிப் பாட்டின் சாதி வேறு. அது ஒரு கூடையைத் தூக்கிக்கொண்டு வருகிறது. கூடைக்குள் உன்னுடைய மீனைப் போடு என்கிறது. கூடை செய்தவர் கெட்டிக்காரர்தான், அதில் எனக்கு மறுப்பே இல்லை. மீன் போடாத கூடையை யாராவது தலையில் சுமந்து வீதிவீதியாகத் திரிவார்களா?

கூடை எப்படிக் கடல் கடந்தது என்பதையும் பாருங்கள். 1977இல் வந்த 'அவர் எனக்கே சொந்தம்' படத்துக்காக இளையராஜா அதே மெட்டைத் தமிழ்நாட்டுக்குக் கொண்டுபோனார். மலேசியா வாசுதேவனும் ரேணுகாவும் பாடினார்கள். பிறகு அந்தப் பாட்டு அங்கே எந்தத் திருமண வீட்டிலும் கேட்கலாம் என்றாகிவிட்டது. "மாலு" மட்டும் அப்படியே போய் இறங்கிவிட்டது. அங்கே யாருக்கும் சிங்களம் தெரியாது. தஞ்சாவூரில் வாழ்க்கைப்பட்டிருந்த என் பெரியம்மாவின் மகள் ஒரு வான்கடிதத்தில் எங்களிடம் கேட்டிருந்தார்: "மாலு யார்? சுராங்கனியின் தங்கையா?" மாலதி, மாலினி என்று வீட்டுக்கு வீடு பிள்ளைகள் இருக்கும் ஊரில் அது நியாயமான சந்தேகம்தான். மாலு என்றால் மீன் என்று பதில் எழுதினோம். அடுத்த கடிதம் வந்தது. "இனி அந்தப் பாட்டைப் பாட மாட்டேன், மாமியார் வீடு சைவம்" என்று எழுதியிருந்தார்.

சில ஆண்டுகள் கழித்து அக்கா கைக்குழந்தையோடு இங்கே வந்தார். இரவு குழந்தை அழுதது. அறைக்குள்ளிருந்து மெட்டு மட்டும் கசிந்தது. காதைக் கூர்மையாக்கிக் கேட்டேன். மாலுவின் இடத்தில் "பாலு" வைத்துப் பாடிக்கொண்டிருந்தார். சைவச் சுராங்கனி! ஆட்டம் போடுவதற்குப் பிறந்த பாட்டை ஆறில் ஒரு பங்கு வேகத்தில் தாலாட்டாக்கி, மீனைப் பாலாக்கி, பிள்ளையை உறங்கவைத்துவிட்டார். இதை மனோகரன் நினைத்துப் பார்த்திருப்பாரா? அதிபர் ஐயா சொன்ன "பெற்ற தாய்" உவமைக்கே வருகிறேன். பெற்றவளுக்குத் தெரியாத தாலாட்டு இது.

இப்போது எதிரணி, மெட்டாவது முதல் பாடகருக்குச் சொந்தமா என்று என்னைக் கேட்கலாம். நான் திருப்பிக் கேட்கிறேன். பைலா யாருக்குச் சொந்தம்? அந்தச் சொல்லே போர்த்துக்கேயம், நடனமாடு என்று பொருள். நமது கோணேசர் ஆலயத்தை 17ஆம் நூற்றாண்டில் இடித்து, அந்தக் கற்களால் கோட்டை கட்டிய அதே போர்த்துக்கேயர். கோட்டை இன்றும் இருக்கிறது. வாசலில் மான்கள் நின்று சுற்றுலாப் பயணிகளிடம் வாழைப்பழத்தோல் வாங்கித் தின்கின்றன. அவர்களோடு வந்து சேர்ந்த இன்னொன்றும் இருக்கிறது. அவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவந்த மக்களும், ஐரோப்பிய வழிவந்த பறங்கியரும் ஆடிய 'கஃப்ரிஞ்ஞா' என்ற ஆட்டத்தின் 6/8 தாளம். மட்டக்களப்பிலும் நமது ஊரிலும் இருக்கும் பறங்கியர் வீட்டுக் கொண்டாட்டங்களில் வயலின் எடுத்தால் இன்றும் அதுதான் ஓடும். 1940களின் இறுதியில் வொலி பெஸ்டியன்ஸ் என்ற பொலிஸ் உத்தியோகத்தர் அந்தத் தாளத்தில் சிங்களச் சொற்களை ஏற்றினார். அவரைத்தான் பைலாவின் தந்தை என்கிறார்கள். தந்தை என்று சொல்லப்படுகிறவரே ஒரு பின்பாட்டுக்காரர், நடுவர் அவர்களே. அவருக்கு முன்னால் மூன்று நூற்றாண்டுகள் ஆடிக்கொண்டிருந்தார்கள்.

இடைச்செருகலாக ஒன்று. பைலாவில் 'வாத பைலா' என்று ஒரு வகை உண்டு. இருவர் எதிரெதிரே நின்று, கொடுத்த தலைப்பில், அந்த இடத்திலேயே அடி கட்டி, ஒருவர் வாதத்தை மற்றவர் பாட்டாலேயே வெட்ட வேண்டும். அதாவது நாம் இங்கே நாற்காலி போட்டுச் செய்கிற வேலையை அவர்கள் நின்று ஆடிக்கொண்டே செய்தார்கள். அடுத்த ஆண்டு விழாக் குழுவினர் இதைக் கவனத்தில் எடுக்கலாம். அதிபர் ஐயாவின் தாளத்தை இன்று கேட்ட பிறகு எனக்கு வெற்றி நிச்சயம் என்று தோன்றுகிறது.

கடலுக்கு அப்பால் போவோம். 2000ஆம் ஆண்டு உலகத்தையே குரைக்கவைத்த ஒரு பாட்டு உண்டு. நாய்களை அவிழ்த்துவிட்டது யார் என்று கேட்டுவிட்டு, பதிலுக்குத் திரும்பத் திரும்பக் குரைக்கும் பாட்டு. பஹாமாஸ் தீவுகளின் 'பஹா மென்' குழு பாடியது. அதற்கு 2001இல் கிராமி விருதும் கிடைத்தது. முதலில் அதை எழுதிப் பாடியவர் ட்ரினிடாட் நாட்டு அன்ஸ்லம் டக்ளஸ், 1998இல், தங்கள் ஊர்க் களியாட்டத்துக்காக. பெண்களைப் பார்த்து நாவைத் தொங்கவிட்டுக் கேலி பேசும் ஆண்களைச் சாடித்தான் அவர் நாய் என்றார். பஹா மென் பாடியதும் அந்தப் பொருள் எங்கேயோ போய்விட்டது. விளையாட்டு மைதானங்களில் ஆயிரக்கணக்கான ஆண்களே ஒன்றாகக் குரைத்தார்கள். பாவம் டக்ளஸ் என்று எதிரணி சொல்லும்.

பொறுங்கள். பென் சிஸ்டோ என்ற அமெரிக்கர் இந்தப் பாட்டின் ஆதியைத் தேடிப் பல ஆண்டுகள் அலைந்தார். 2019இல் அது ஆவணப்படமாகவும் வந்தது. டக்ளஸுக்கு முன்னால் கனடாவில் ஒரு வானொலி விளம்பர ஒலி, அதற்கு முன்னால் ஃபுளோரிடாவில் இரண்டு இளைஞர்களின் பதிவு, அதற்கும் முன்னால் அமெரிக்கப் பாடசாலை மைதானங்களில் மாணவர்கள் எழுப்பிய கோஷம். தோண்டத் தோண்ட முன்னால் ஒரு நாய் நிற்கிறது! முதலில் பாடியவருக்கே மாலை என்கிறீர்களே, இந்த வழக்கில் மாலையை எடுத்துக்கொண்டு எந்த மைதானத்துக்குப் போவீர்கள்? நமது கரைவலை இழுப்பவர்கள் பாடும் அம்பாப் பாட்டைப் போல்தான் இதுவும். முதல் வலையை இழுத்தவர் பெயர் யாருக்குத் தெரியும்? கயிறு இன்று யார் கையில் இருக்கிறதோ அவர் பாடுகிறார்.

'மக்கரேனா' பற்றி நீட்டமாட்டேன். ஸ்பெயினில் செவில் நகருக்குப் பக்கத்து ஊர்க்காரர்களான இரண்டு நடுத்தர வயது ஆண்கள் 1993இல் பாடினார்கள். மயாமியில் சிலர் அதற்கு ஆங்கில அடிகளைச் சேர்த்து வேறு உடுப்பு உடுத்திய பிறகுதான், 1996இல் அமெரிக்காவின் பில்போர்ட் பட்டியலில் 14 வாரம் முதலிடத்தில் நின்றது. பாட்டு அதே பாட்டு. மூன்று வருடம் வாசலில் நின்ற பாட்டை உள்ளே அழைத்துக்கொண்டு போனவர்கள் பின்வந்தவர்கள்.

இனி எதிரணியின் இரண்டாவது பேச்சாளர், சட்டத்தரணித் தம்பி. அவர் பேசும்போது இந்தச் சபை கச்சான் கொறிப்பதை நிறுத்தியது. நான் கவனித்தேன். தென்னாபிரிக்காவின் சொலமன் லிண்டா என்ற சூலு பாடகரின் கதையைச் சொன்னார். 1939இல் ஜோஹன்னஸ்பேர்க்கில் சிங்கத்தைப் பற்றி ஒரு பாட்டுப் பதிவு செய்தார். பாட்டின் உரிமைக்கு அவருக்குக் கிடைத்தது 10 ஷில்லிங். அமெரிக்காவில் அதைப் பாடியவர்கள் பலர். 1961இல் 'டோக்கன்ஸ்' குழு பாடியது முதலிடத்துக்குப் போனது. பின்னர் டிஸ்னியின் சிங்கப் படத்திலும் அது ஒலித்தது. லிண்டா 1962இல் கையில் காசில்லாமல் இறந்தார். தம்பி இதைச் சொல்லிவிட்டு, மறுபாடல் என்பது திருட்டுக்கு வைத்த அழகான பெயர் என்று முடித்தார்.

இதற்கு நான் பகிடியாகப் பதில் சொல்ல மாட்டேன். லிண்டாவுக்கு நடந்தது அநியாயம். அவருடைய பெண்பிள்ளைகள் வறுமையில் வளர்ந்தார்கள். அதில் எனக்கும் தம்பிக்கும் கருத்து வேறுபாடு கிடையாது.

ஆனால் அநியாயம் செய்தது எது? பாடிய வாயா, 10 ஷில்லிங்கைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கிய பேனாவா? தம்பி நீதிமன்றத்தில் கறுப்பு அங்கி போட்டு நிற்பவர், காணி உறுதி எழுதியதில் மோசடி நடந்தால் காணியில் நெல் விளைந்ததைக் குற்றம் சொல்வாரா? கணக்கு நேர்மையாக இருந்திருந்தால், ஒவ்வொரு மறுபாடலும் லிண்டாவின் வீட்டு அடுப்பில் ஓர் உலை வைத்திருக்கும். அமெரிக்கச் சட்டம் 1909இலேயே இதற்கு வழி சொன்னது. பியானோவைத் தானாக வாசிக்கவைக்கும் துளையிட்ட காகிதச் சுருள்கள் அன்று விற்பனைக்கு வந்திருந்தன. ஒரே கம்பனி எல்லாப் பாட்டையும் வாங்கிப் பூட்டிவைத்துவிடும் என்று பயம் வந்தது. ஒருமுறை பதிவாகி வெளிவந்த பாட்டை யாரும் மறுபடி பதிவு செய்யலாம், நிர்ணயித்த தொகையை எழுதியவருக்குக் கட்டிவிட வேண்டும் என்று விதி செய்தார்கள். பாடுகிறவரைத் தடுக்கவில்லை, காசைக் கட்டச் சொன்னார்கள். என் கட்சியும் அதுவே. லிண்டாவின் குடும்பத்துக்கு 2006இல் ஓர் இணக்கத் தீர்வு கிடைத்தது. அந்தப் பாட்டு 1939ஆம் ஆண்டு இசைத்தட்டோடு ஓர் அலமாரியில் உறங்கிப் போயிருந்தால், எந்தச் சட்டத்தரணி எதற்காக வழக்குப் பேசியிருப்பார்?

அந்தக் கதையில் தம்பி சொல்லாமல் விட்ட ஒரு துண்டு எனக்கு மிகவும் பிடித்தது. லிண்டாவின் குழு திரும்பத் திரும்பப் பாடியது 'உயிம்புபே' என்ற சூலுச் சொல், நீ சிங்கம் என்று பொருள். இசைத்தட்டைக் கேட்டு எழுதிய பீட் சீகர் என்ற அமெரிக்கப் பாடகரின் காதில் அது 'விமொவே' என்று விழுந்தது. அப்படி ஒரு சொல் எந்த மொழியிலும் கிடையாது. உலகம் முழுவதும் குழந்தைகள் இன்றுவரை அந்த இல்லாத சொல்லைப் பாடிக்கொண்டிருக்கிறார்கள். மாலுவைச் சுராங்கனியின் தங்கை என்று நினைத்த என் அக்காவுக்கு எவ்வளவு பெரிய துணை!

பெயர் மறைவது பற்றி அதிபர் ஐயா வருந்தினார். அதை நான் தட்டிக்கழிக்க முடியாது, ஏனென்றால் என் வீட்டிலேயே அது நடந்தது. 'சின்ன மாமியே' பாட்டை மனோகரன்தான் பாடினார் என்று என் மாமியார் முப்பது வருடம் அடித்துப் பேசினார். பாடியவர் நித்தி கனகரத்தினம். துள்ளிசை என்று வானொலியில் நாம் சொன்ன பொப்பிசையில் மனோகரனுக்கு நிகராக நின்றவர். மாமியிடம் போய் உங்கள் மகள் எங்கே என்று கேட்கும் பாட்டு அது, ஆகவே மாமியாரிடம் இந்த விடயத்தில் வாதாடும் தைரியம் எனக்குத் திருமணமாகிப் பத்து வருடம் கழித்தே வந்தது. பெயரைச் சொல்ல வேண்டும். மேடையில் பாடுகிறவர் முதலில் அந்தப் பெயரைச் சொல்லிவிட்டுப் பாட வேண்டும். நான் வகுப்பில் சொல்கிறேன். அதைச் சொல்வதற்கும் யாராவது அந்தப் பாட்டை இன்னும் பாடிக்கொண்டிருக்க வேண்டுமே, ஐயா?

நமது நாட்டின் புதிய சாட்சியையும் அழைத்துவிடுகிறேன். 2020இல் சதீஷன் ரத்நாயக்க 'மெனிக்கே மகே ஹித்தே' பாட்டை வெளியிட்டார். 2021 மே மாதம் யொஹானி அவரோடு சேர்ந்து அதை மறுபடி பாடினார். பிறகு நடந்தது உங்கள் கைத்தொலைபேசிக்கே தெரியும். தமிழில், மலையாளத்தில், ஹிந்தியில் என்று ஆளுக்கொரு பதிவு போட்டார்கள். 2022இல் ஹிந்திப் படம் ஒன்றிலும் ஏறியது. இது பகிடிப் பாட்டு அல்ல, காதல் பாட்டு என்று தம்பி எழுந்திருக்கப் போகிறார். ஒப்புக்கொள்கிறேன், உட்காருங்கள். நான் காட்ட விரும்பியது ஒன்றே. முதலில் பாடிய சதீஷன் அந்த மறுபாடலில் கோபித்துக்கொண்டு வெளியே நிற்கவில்லை. பக்கத்திலேயே நின்று பாடினார். முதல்வருக்கே இல்லாத வருத்தம் எதிரணிக்கு எதற்கு?

முதல் மணி அடித்துவிட்டது. சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

கடந்த ஆண்டு ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளைப் பொலன்னறுவைக்குச் சுற்றுலா அழைத்துப் போனேன். கந்தளாய் தாண்டியதும் பஸ்ஸின் பின்வரிசையில் சாப்பாட்டுப் பெட்டிகள் தாளமாகிவிட்டன. எதிர்பார்த்ததுதான். சுராங்கனி வந்தாள். மாலுவின் இடத்தில் முதலில் இடியப்பம் வந்தது. பிறகு வீட்டுப்பாடம். பிறகு கணித ஆசிரியரின் பெயர் வந்தது. அவர் முன் ஆசனத்தில் உறங்குவதுபோல் கண்ணை மூடிக்கொண்டார். ஆண்டு முழுவதும் வருகைப் பதிவுக்கு மட்டும் வாயைத் திறந்த ஒரு பெண்பிள்ளை யன்னலோரம் இருந்தாள். அவள் முறை வந்தது. எல்லோரும் அவளைத் தாண்டிப் போகத் தயாரானார்கள். அவள் யன்னலுக்கு வெளியே பார்த்தபடியே, மெட்டுப் பிசகாமல், தன் அப்பாவின் படகின் பெயரைப் போட்டுப் பாடினாள். சுராங்கனிக்குப் படகே வந்துவிட்டது. ஒரு கணம் தாளம் நின்று, பிறகு பெட்டிகள் நொறுங்குகிற மாதிரி ஆரம்பித்தது. நடத்துநர் சிங்களவர், அவரும் கதவில் தட்டினார்.

இறங்கிய பிறகு நான் ஆசிரியர் புத்தியை விடாமல் கேட்டேன். "இந்தப் பாட்டை முதலில் பாடியது யார், தெரியுமா?" ஒரு பையன் உடனே கையை உயர்த்தினான். "தெரியும் டீச்சர், எங்கள் அண்ணாவின் வகுப்பு."

மனோகரனின் பெயரை அன்று அங்கேயே சொல்லிக்கொடுத்தேன், ஐயா. கவலை வேண்டாம். அந்தப் பையனுக்கு நூற்றுக்கு 46 போடவும் இல்லை.

இரண்டாம் மணியும் அடித்துவிட்டது. நடுவர் அவர்களே, தீர்ப்பு எழுதுமுன் ஒரு சிறிய வேண்டுகோள். எனக்குப் பின்னால் எதிரணியின் மூன்றாவது பேச்சாளர் வரப்போகிறார். முதல் பாடகருக்கு நிகரில்லை என்று அவரும் சொல்வார். சொல்லட்டும். ஆனால் அவரையும் அந்தப் பல்லவியை ஒருமுறை பாடிக் காட்டச் சொல்லுங்கள். என்ன மீன் போடுகிறார் என்று கேட்க ஆவலாக இருக்கிறேன்.

நன்றி, வணக்கம்.